ஆட்ட நாளில் அவள் பேசுவதில்லை

அலாரம் அடிக்கிறது. எழுகிறேன். பல் விளக்குகிறேன். கெட்டிலில் தண்ணீர் வைத்து, பாணை டோஸ்டரில் போடுகிறேன். நின்றபடியே சாப்பிடுகிறேன். கோப்பையைக் கழுவிக் கவிழ்க்கிறேன். கீழே போய்க் காரின் கண்ணாடியில் உறைந்திருக்கும் பனியைச் சுரண்டுகிறேன். வேலைக்குப் போகிறேன். நகரசபையின் குடிநீர்ச் சோதனைக் கூடத்தில் வேலை. ஏரியிலிருந்து வரும் தண்ணீரில் என்ன இருக்கிறது என்று பார்த்துச் சொல்ல வேண்டும். பெரும்பாலும் ஒன்றும் இருக்காது.

என் மனைவி சாம்பவி இருந்தபோதும் இதே ஒழுங்குதான். இப்போது பால்கனியில் அவளுடைய கால்கவசங்கள் காயவில்லை. ஈரத் தோலும் வேர்வையும் கலந்த அந்த நாற்றம் வீட்டில் இல்லை. வித்தியாசம் அவ்வளவுதான் என்று கேட்பவர்களிடம் சொல்கிறேன்.

அன்று கண்ணாடியைச் சுரண்டிக்கொண்டிருந்தபோது குகன் அண்ணை அழைத்தார். டொக்டர் குகநேசன். சாம்பவி விளையாடிய ஹெரன்ஸ் ஐஸ் ஹொக்கி அணியின் மருத்துவர். எங்கள் கலியாணத்தில் மணவறைக்குப் பக்கத்தில் நின்று எல்லோரையும் அதட்டிப் படம் எடுப்பித்தவர்.

“நிரூபன், சாப்பிட்டியே?”

“ஓம் அண்ணை.”

“வியாழக்கிழமை லீக் கமிட்டி கூடுது. நீ வந்து ஒரு வசனம் சொன்னாப் போதும். அவள் கடைசியாச் சொன்னதை அப்பிடியே சொல்லு.”

“சொல்லுறன்.”

“அந்தப் பிள்ளை கெய்ட்லினும் வருவாள். அவளுக்குத்தான் வைக்கப்போகினம். சாம்பவி இன்னும் கன வருசம் ஐஸில நிப்பாள் எண்டு நினைச்சுக்கொள், தம்பி.”

நினைத்துக்கொண்டேன். அது ஆறுதலாகத்தான் இருந்தது.

கெய்ட்லினுக்கு வைக்கப்போவது சாம்பவியின் தையலை. அதற்கு ஒரு நீண்ட பெயரும் இலக்கமும் உண்டு. விளையாடுபவர்கள் யாரும் அப்படிச் சொல்வதில்லை. காதுக்குப் பின்னால், எலும்புக்கு உள்ளே, அரிசிமணி அளவில் இருக்கும் ஒரு மின்சில்லு. சாம்பவி கோல் காப்பாளர்; வலைக்கு வரும் ரப்பர் வட்டை, பக்கை, தடுப்பவள். தையலை வைப்பதற்கு முன் அவள் எனக்கு விளக்கிய விதம் இது. சமையலறையில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தாள்.

“பக் வெளிக்கிட்டாப் பிறகு பாத்துப் பிடிக்கேலாது, நிரூ. மட்டையில இருந்து வெளிக்கிட முதலே என்ட கால் போயிருக்கோணும். மண்டையில அடி விழுந்த ஆளுக்கு அந்த இடத்தில ஒரு சொட்டு நேரம் விட்டுப்போகும். கண் இமைக்கிற நேரம்தான். அதுக்குள்ள கோல்.”

“அப்ப இது என்ன செய்யும்?”

“முதல் ரெண்டு சீசனும் சும்மா என்னைப் பாத்துக்கொண்டிருக்கும். நான் எப்பிடித் திரும்புறன், எப்பிடி விழுறன் எண்டு பழகும். பிறகு எனக்கு எங்கையாவது விட்டுப்போனா, அந்த இடத்தில நான் என்ன செய்திருப்பனோ அதைச் செய்யும். கிழிஞ்ச இடத்தைத் தைக்கிற மாதிரி.”

“நிறையக் கிழிஞ்சா?”

“பிறகென்ன, புதுப் பொஞ்சாதி பார்,” என்று சிரித்தாள். வெங்காயத்தில் கண் சிவந்திருந்தது.

ஐஸை விட்டு இறங்கினால் அது நின்றுவிடும் என்று குகன் அண்ணை எங்களிடம் சொன்னார். எங்கள் வீட்டு மேசையில், ஆட்டுக்கறிக் குழம்பு சாப்பிட்டுக்கொண்டு சொன்னார்.

சாம்பவி ஸ்காபரோவில் பிறந்தவள். அப்பா டாக்ஸி ஓட்டினார். விடியப் பயிற்சிக்கு அவளைக் கொண்டுபோய் இறக்கிவிட்டு, அரங்கின் வாசலிலேயே காரில் தூங்குவார். பெண்கள் அணி இல்லாததால் பையன்களோடு விளையாடினாள். பையன்கள் யாரும் கோல் வாசலில் நிற்க விரும்பவில்லை. அதனால் அவளுக்கு இடம் கிடைத்தது. மாமி ஒருத்தி ஒரு பிறந்தநாள் வீட்டில் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாளாம்: “வலைக்கு முன்னால நிண்டு அடி வாங்கவோ கனடாவுக்கு வந்தனாங்கள்?” சாம்பவி வாயில் கேக்கோடு பதில் சொன்னாளாம்: “இல்லை மாமி, பிறந்தநாள் வீட்டில ரோல்ஸ் சாப்பிட வந்தனாங்கள்.”

கல்லூரிக்குப் பிறகு நான்கு வருடம் சின்ன லீக்கில். பகலில் மருந்துக் கடையில் வேலை, மாலையில் ஆட்டம். பிறகு ஹெரன்ஸ் அவளை மூன்றாவது காப்பாளராக எடுத்தது. மூன்றாவது காப்பாளர் என்றால் பயிற்சியில் மற்றவர்கள் அடித்துப் பழக நிற்கும் ஆள். அவள் சட்டையில் பெயரைக்கூடப் பிழையாகத் தைத்திருந்தார்கள். அவள் திருத்தச் சொல்லவில்லை. முதல் காப்பாளருக்கு முழங்கால் போனது. இரண்டாமவள் பிள்ளை பெறப் போனாள். அந்தப் பருவம் முடிவதற்குள் ஏழாயிரம் பேர் அந்தப் பெயரைச் சரியாக உச்சரித்துக் கத்தினார்கள்.

கோல் காப்பாளர்கள் எல்லோருக்கும் ஏதாவது ஒரு விசர் உண்டு. ஒருத்தி ஐஸில் போட்ட கோடுகளை மிதிக்கமாட்டாள். ஒருத்தி எப்போதும் இடது சப்பாத்தையே முதலில் கட்டுவாள். சாம்பவி ஆட்ட நாளில் பேசமாட்டாள். கண் விழித்ததிலிருந்து கடைசிச் சைரன் அடிக்கும்வரை ஒரு சொல் கிடையாது. யாரும் அவளோடு பேசவும் கூடாது. பஸ்ஸில் அவளுக்குப் பக்கத்து இருக்கையை விட்டுவிடுவார்கள். பயிற்சியாளர் பலகையில் எழுதிக் காட்டுவார். அவளுடைய அம்மா அன்று அவளைத் தொலைபேசியில் அழைப்பதில்லை.

கலியாணம் கட்டிய புதிதில் ஓர் ஆட்ட நாள் காலை, முட்டை அவிக்கவா பொரிக்கவா என்று கேட்டுவிட்டேன். அன்று ஆறு கோல் வாங்கினாள். சைரன் அடித்ததும் தொலைபேசியில் முதல் வார்த்தையாகச் சொன்னாள்: “உன்ட முட்டைக்கு ஆறு கோல், நிரூ.” அதற்குப் பிறகு நான் கேட்டதில்லை.

கடைசி ஆட்டம் அரையிறுதி. கடைசியான மூன்றாவது பீரியட் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் எதிரணிப் பெண் ஒருத்தி வேகமாக வந்து சறுக்கி, சாம்பவியோடு வலைக்குள் போனாள். சாம்பவியின் தலை கம்பத்தில் பட்டது. குகன் அண்ணை ஐஸுக்கு ஓடினார். அவள் முகத்துக்கு முன் விரலைக் காட்டினார். அவள் தலையாட்டினாள். எழுந்தாள். கை தட்டினோம். நானும் தட்டினேன்.

அதற்குப் பிறகு அவள் விளையாடியதைப் போல் யாரும் விளையாடி நான் பார்க்கவில்லை. அவள் உடம்பில் அவசரமே இல்லை. வட்டு வரும் இடத்தில் கை ஏற்கெனவே இருந்தது. சைரன் அடித்தது. மற்றவர்கள் ஓடிவந்து மேலே விழுந்தபோது அவள் நின்றுகொண்டே இருந்தாள். மருத்துவ அறைக்குத் தானே நடந்து போனாள். என்னை உள்ளே கூப்பிட்டார்கள்.

கட்டிலில் படுத்திருந்தாள். கண் திறந்திருந்தது. “பயப்பிடாதை நிரூ. நான் நல்லா இருக்கிறன். நல்லா விளையாடினன் என்ன?” என்றாள். நான் அவள் கையைப் பிடித்தேன். மறுபக்கத்தில் குகன் அண்ணை தையலின் அளவுகளைக் காட்டும் திரையைக் கையில் வைத்துக்கொண்டு குனிந்து தமிழில் கேட்டார்.

“சாம்பவி, உன்ட தையலை உனக்குப் பிறகு வாற பிள்ளையளுக்குக் குடுக்கலாம்தானே?”

“ஓம் அண்ணை. குடுங்கோ.”

அந்த நேரத்தில் ஏன் அதைக் கேட்கிறார் என்று நான் யோசிக்கவில்லை. ஆம்புலன்ஸில் அவள் இறந்தாள். மூளைக்குள் இரத்தக் கசிவு என்றார்கள். பிறகு அரங்கின் சுவரில் ஒரு மாடி உயரத்துக்கு எழுதி வைத்தார்கள்: பயப்படாதே, நான் நன்றாக இருக்கிறேன். கீழே அவளுடைய பெயர். இந்த முறை சரியாக இருந்தது.

புதன்கிழமை மதியம் சோதனைக் கூடத்துக்கு ஒரு பெண் வந்தாள். பூங்கொடி. ஈரோட்டுப் பக்கம். ஹெரன்ஸ் வீராங்கனைகளின் தையல்களைப் பார்த்துச் சரிசெய்யும் பொறியாளர். சாம்பவிக்குச் செய்தவளும் அவள்தான். இரண்டு தடவை வீட்டுக்கு வந்திருக்கிறாள். எதிரே இருந்த காப்பிக் கடைக்குப் போனோம்.

“நான் அங்க வேலைய விட்டுட்டேனுங்க. நாளைக்கு நீங்க சாட்சி சொல்றதுக்கு முன்னாடி ஒண்ணு தெரியணும் உங்களுக்கு.”

“சொல்லுங்கோ.”

“கம்பத்துல தல மோதுச்சுல்லங்க. அதுக்கப்புறம் அவங்க இல்லீங்க.”

“இல்லையெண்டா?”

“உடம்பு இருந்துச்சு. மூச்சு இருந்துச்சு. தைக்கிறதுக்குத்தான் துணி இல்ல. வெறும் நூலுங்க.”

கடையில் யாரோ பால் நுரைத்தார்கள். சத்தம் ஓயும்வரை காத்திருந்தேன்.

“அதுக்குப் பிறகு அவள் எவ்வளவு தடுத்தவள்.”

“அவங்க தடுக்கலீங்க. தையல்தான் தடுத்துச்சு.”

“மருத்துவ அறையில என்னோட கதைச்சவள். என்ட பேரைச் சொன்னவள்.”

பூங்கொடி கோப்பையைத் திருப்பித் திருப்பி வைத்தாள். “ஜெயிச்ச மேட்ச் முடிஞ்சதும் உங்ககிட்ட முதல்ல என்னங்க சொல்வாங்க?”

யோசிக்கத் தேவையில்லை. நான் எப்போதும் பயந்துகொண்டிருப்பேன். அவள் எப்போதும் அதையே சொல்வாள். பயப்பிடாதை நிரூ, நான் நல்லா இருக்கிறன், நல்லா விளையாடினன் என்ன.

“பேசறதும் அசைவுதானுங்களே,” என்றாள் பூங்கொடி. “நாக்கு, உதடு, தொண்டை. காலைக் கத்துக்கிட்டது இதையும் கத்துக்கிட்டுச்சு.”

“ஐஸை விட்டு இறங்கினா நிண்டுடும் எண்டு எங்களுக்குச் சொன்னவை.”

“நிறுத்தவே இல்லீங்க. நிறுத்துனா தலையடி டெஸ்ட்ல மாட்டிக்குவாங்க. ஆடவிடாம உக்கார வெக்கணும். அதனால வீட்லயும் ஓடிட்டேதான் இருந்துச்சு. எங்ககிட்ட அப்படித்தான் சொன்னாங்க. நானும் சரின்னு விட்டுட்டேன்.”

“சாம்பவிக்குத் தெரியுமோ?”

“தெரியாதுங்க. விட்டுப்போற இடம் விட்டுப்போனவங்களுக்கு எப்படித் தெரியும்?”

“வீட்டில எவ்வளவு?”

“எது அவங்க, எது அதுன்னு பிரிக்க வழியில்லீங்க. ரெண்டும் ஒரே மாதிரிதான் இருக்கும். அதுக்குத்தானே செஞ்சோம்.”

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் கட்டிலில் படுத்துக்கொண்டு, அடுத்த வருடம் பிள்ளை பெறுவோமா என்று கேட்டாள். சண்டை பிடித்து மூன்று நாள் கழித்து அவளாகவே வந்து மன்னிப்புக் கேட்டாள். ஒரு தடவை பேசிக்கொண்டே நின்று, நான் யார் என்பது போலப் பார்த்து, பிறகு சிரித்து வசனத்தை முடித்தாள். எதைச் சொன்னது யார்? கேட்க ஆளில்லை.

“குகன் அண்ணைக்குத் தெரிஞ்சிருக்குமோ?”

“ஸ்கிரீன் அவர் கையிலதானுங்க இருந்துச்சு. பார்த்துட்டுத்தான் கேட்டாரு. அவர் என்ன கேட்டாலும் ‘ஓம் அண்ணை’ங்கறதைத் தவிர அவங்க வேற பதில் சொன்னதே இல்லை. அதுக்கு வேற பதில் தெரியாதுங்க.”

காரில் அவரோடு சிரித்துக்கொண்டு வந்த நாட்கள் நினைவுக்கு வந்தன. கோபம் வரவில்லை. ஆறிப்போன காப்பியைத் தள்ளி வைத்தேன்.

“இது அவள் சொன்னதுதான் எண்டு ஏதாவது ஒண்டையாவது நிச்சயமாச் சொல்லலாமோ?”

அவள் இல்லை என்று தலையசைத்தாள். பிறகு முகம் மாறியது.

“மேட்ச் நாள்ல அது பேசாதுங்க.”

“ஏன்?”

“மேட்ச் நாள்ல பேசுற சாம்பவிய அது ஒரு தடவகூடப் பார்த்ததில்ல. காலைலருந்து சைரன் வரைக்கும் வாயைத் தொறக்கக் கூடாதுன்னுதான் கத்துக்கிட்டிருக்கு. அன்னிக்குக் காலைல அவங்க ஏதாவது பேசியிருந்தாங்கன்னா…” நிறுத்தினாள். “பேசியிருக்க மாட்டாங்களே.”

“கதைச்சவள்,” என்றேன்.

என்ன என்று அவள் கேட்கவில்லை. அதற்காக அவளுக்கு நன்றி சொன்னேன். நாளை கமிட்டிக்கு வந்து இதையெல்லாம் சொல்வீர்களா என்று கேட்டேன். வருகிறேன் என்றாள்.

கமிட்டி ஒரு ஹோட்டலின் கூட்ட அறையில் கூடியது. நீள மேசை, தண்ணீர்க் குவளைகள். வாசலில் குகன் அண்ணை என் தோளில் கை வைத்தார்.

“ஒரு வசனம்தான் தம்பி. சொல்லிப்போட்டு எங்கட வீட்டை வா. அக்கா புட்டு அவிச்சு வைச்சிருக்கிறா.”

“அண்ணை, நீங்கள் அண்டைக்கு ஆரைக் கேட்டனீங்கள்?”

“என்னது?”

“அந்த அறையில. கட்டிலுக்குப் பக்கத்தில நிண்டு. ஆரைக் கேட்டனீங்கள்?”

தோளிலிருந்து கையை எடுத்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பொய் சொல்லப்போகிறார் என்று நினைத்தேன். சொல்லவில்லை.

“அவள் இருந்திருந்தா அதைத்தான் சொல்லியிருப்பாள், நிரூபன்.”

“அப்ப அவள் இல்லை எண்டு தெரிஞ்சுதான் கேட்டனீங்கள்.”

“உனக்கு அவளை ஒரு கொஞ்ச நேரம் கூடுதலாத் தந்தனான். அதை யோசிச்சுப் பார். கை பிடிச்சுக்கொண்டு இருந்தனி. அவள் உன்னோட கதைச்சுப்போட்டுப் போனாள் எண்ட நிம்மதி உனக்கு இருந்ததோ இல்லையோ?”

இருந்தது. அதைத்தான் அவர் திருப்பி எடுத்திருந்தார். நான் உள்ளே போனேன். அவரும் பின்னால் வந்தார்.

கெய்ட்லின் எனக்கு எதிரே இருந்தாள். வடக்கே ஒரு சுரங்க நகரத்துப் பெண். இருபது வயது இருக்கும். எழுந்து வந்து கை கொடுத்தாள். தன் அறைச் சுவரில் சாம்பவியின் படம்தான் இருக்கிறது என்றாள். பிறகு, பயிற்சி செய்து வந்த கவனத்தோடு, தமிழில் சொன்னாள்.

“பயப்பிடாதை.”

உச்சரிப்பு நன்றாகவே இருந்தது. முகமூடிக்குள் அதை எழுதி வைத்திருப்பதாகச் சொன்னாள்.

“ஆட்ட நாளில் நீ பேசுவாயா?” என்று ஆங்கிலத்தில் கேட்டேன்.

சிரித்தாள். “வாய் மூடவே மாட்டேன். கம்பங்களோடுகூடப் பேசுவேன். பயமாக இருந்தால் இன்னும் கூட. என் அணியில் எல்லோரும் பஞ்சு வைத்துக் காதை அடைத்துக்கொள்வார்கள்.”

அவள் காதுக்குப் பின்னால் பார்த்தேன். இன்னும் தழும்பில்லாத தோல். ஆட்ட நாளில் பேசாத அந்தத் தையலை வைத்தபிறகு ஓர் ஆட்டத்தில் அடிபட்டால், இவளுக்குப் பயமாக இருந்தாலும், யாரும் அதைக் கேட்கப்போவதில்லை.

கமிட்டித் தலைவர் ஒரு வயதான பெண்மணி. முன்பு இதே லீக்கில் விளையாடியவர். மென்மையாகப் பேசினார். தையல் சாம்பவியின் சொத்து, அவளுக்குப் பிறகு என்னுடைய சொத்து, ஆனால் அவள் வாய்மொழியாகச் சம்மதம் தந்ததாக அணி சொல்கிறது, அதைக் கேட்ட சாட்சி நான் என்றார்.

“அந்தச் சம்மதம் அவளுடையதல்ல,” என்றேன். “என்னுடையதும் கிடைக்காது. தையலை அவளோடு எரித்திருக்க வேண்டும். இனி நானே செய்வேன். மருத்துவ அறையில் பேசியது யார் என்பதை வெளியே இருக்கும் பொறியாளர் உங்களுக்குச் சொல்வார்.”

அணியின் மேலாளர் ஏதோ சொல்ல எழுந்தார். தலைவர் கையைக் காட்டி இருக்கச் சொன்னார். கெய்ட்லின் எல்லோர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“அப்படியானால் சாம்பவி உங்களிடம் கடைசியாகச் சொன்னது என்ன?” என்று தலைவர் கேட்டார். “உங்களுக்கு முடியுமானால் மட்டும்.”

முடியும் என்றேன். அன்று காலை அவளை அரங்கில் இறக்கிவிடப் போனதைச் சொன்னேன். விளையாடுபவர்கள் போகும் பக்க வாசலில் காரை நிறுத்தினேன். ஹீட்டர் ஓடிக்கொண்டிருந்தது. பை பின்இருக்கையில் இருந்தது. அவள் கதவின் பிடியில் கையை வைத்தாள், திறக்கவில்லை. முன்கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வாய் திறந்து பேசினாள். ஆட்ட நாளில் அவள் பேசி நான் கேட்டது அது ஒரு தடவைதான். ஆட்ட நாள் என்பதால் நான் பதில் பேசவில்லை. அவள் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு, பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

“அவருடைய சொற்களிலேயே சொல்லுங்கள். மொழிபெயர்ப்பைப் பிறகு எழுதிக்கொள்கிறோம்,” என்றார் தலைவர்.

அந்த அறையில் தமிழ் தெரிந்தவர் என்னைத் தவிர இன்னொருவர்தான். குகன் அண்ணை பக்கம் திரும்பினேன். அவர் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் நிமிரும்வரை காத்திருந்தேன். நிமிர்ந்ததும் சொன்னேன்.

“நிரூ, நான் இண்டைக்கு வீட்டில நிக்கட்டோ?”